வெட்டாமல் விட்ட காய்

அன்று காலையும் நான்தான் ஜெயித்தேன். தொடர்ந்து மூன்றாவது நாள்.

அடுப்பில் இட்லிப் பானை, தரையில் தாயக் கட்டம், இரண்டுக்கும் நடுவில் ஓடிக்கொண்டிருப்பவள் நான். என் காய் எங்கே நிற்கிறது என்பதே பாதி நேரம் எனக்குத் தெரியாது. "மா, உன் ஆட்டம்" என்று குரல் வரும். ஈரக் கையோடு வந்து கட்டையை உருட்டுவேன். எது கண்ணில் படுகிறதோ அந்தக் காயை நகர்த்திவிட்டு மறுபடி அடுப்படிக்குப் போய்விடுவேன். அப்படி ஆடியவளுக்கு நான்கு காயும் பழமாகிவிட்டன.

எதிரே என் மகள் ஜெசி. எட்டு வயது, மூன்றாம் வகுப்பு. அவளுடைய காய் ஒன்றுகூட உள்சுற்றுக்குப் போகவில்லை. ஆனாலும் கை தட்டினாள். "அம்மா வின்னு" என்று சிரித்தாள்.

என் வீட்டுக்காரர் அருள் என்னைப் பார்த்துக் கண் சிமிட்டினார். ஜெசி பல் துலக்கப் போனதும் மெதுவாகச் சொன்னார். "பார்த்தியா எஸ்தரு? புள்ள மாறிட்டா. அந்த ஸ்கூல் மேடம் சொன்னது வேலை செய்யுது."

ஜெயித்தவள் சந்தேகப்படுவதை நீங்கள் எங்கேயாவது கேள்விப்பட்டதுண்டா? நான் பட்டேன். அந்தச் சிரிப்பை நான் நம்பவில்லை.

சந்தேகத்துக்குத்தான் சம்பளம்

பட்டுக்கடையின் பின்னறையில் புடவை சரிபார்க்கும் வேலைக்கு நான் வந்து சேர்ந்த கதையைச் சென்ற வாரம் எழுதியிருந்தேன். அதைப் படித்துவிட்டு ஒரு வாசகி, "வீட்டிலும் நீங்கள் இப்படித்தானா?" என்று கேட்டிருக்கிறார். இப்படித்தான் அம்மா. இதைவிட மோசம் என்று என் வீட்டில் இருப்பவர்கள் சொல்வார்கள்.

பெரிய காஞ்சிபுரத்தில் இருக்கிற அந்தக் கடைக்கு நெசவாளர் வீடுகளிலிருந்து வருகிற ஒவ்வொரு புடவையும் என் மேசையைத் தாண்டித்தான் முன்னால் போகும். முன்பக்கத்தை எல்லோரும் பார்ப்பார்கள். நான் முதலில் பின்பக்கத்தைத் திருப்புவேன். உடலும் கரையும் சேருகிற இடத்தில் விரலை ஓட்டுவேன். எந்தக் குறையும் தெரியவில்லை என்றால்தான் எனக்குப் பதற்றமாக இருக்கும். இன்னும் ஒருமுறை பார்ப்பேன்.

இந்தப் புத்தி கடையோடு நின்றுவிட்டால் நல்லது. நிற்பதில்லை. பால்காரர் ஒருநாள் அரை மணி முன்னதாக வந்தால் ஏன் என்று யோசிப்பேன். ஏனாத்தூரில் இருக்கிற என் தங்கை போனில் "சும்மாதான் பண்ணேன்" என்று சொன்னால், சும்மா யாராவது போன் பண்ணுவார்களா என்று கேட்பேன். வாரத்துக்கு ஒருமுறை ஜெசியின் பள்ளிக்கூடப் பையைக் கொட்டிப் பார்ப்பேன். அது சரியில்லை என்று எனக்கே தெரியும். ஆனாலும் பார்ப்பேன்.

அருள் வேறு மாதிரி. அவரும் பட்டுக்கடைதான், ஆனால் வேறு கடை, முன்பக்க விற்பனை. இருபது வருடமாக மெத்தையில் உட்கார்ந்து புடவை விரித்துக் காட்டுகிறவர். வாடிக்கையாளர் பேரம் பேசும்போது அவர் கொஞ்ச நேரம் முரண்டு பிடிப்பார். பிறகு தோற்பார். தோற்கும்போது ஒரு சிரிப்பு வரும் பாருங்கள், "சரிம்மா, உங்களுக்காக" என்று. வந்தவர்கள் ஊரையே ஜெயித்துவிட்ட மாதிரிப் பையைத் தூக்கிக்கொண்டு போவார்கள். எவ்வளவுக்குத் தோற்க வேண்டும் என்பது காலையில் கடை திறக்கும்போதே முடிவாகியிருக்கும்.

அந்தச் சிரிப்பை ஒரு கலை என்று அவர் முதலாளி சொல்வார். கல்யாணமான புதிதில் என்னிடமும் அதைக் காட்டிப் பார்த்தார். பலிக்கவில்லை.

கையில் பல் தடம்

தாயம் எங்கள் வீட்டுக்குள் வந்த கதையைச் சொல்கிறேன்.

பள்ளிக்கூட விளையாட்டு விழாவில் ஜெசி கரண்டியில் எலுமிச்சம்பழம் வைத்துக்கொண்டு ஓடினாள். பாதி தூரத்தில் பழம் விழுந்துவிட்டது. அவ்வளவுதான். மற்ற பிள்ளைகள் பழத்தை எடுத்து வைத்துக்கொண்டு ஓடினார்கள், சிலர் சிரித்துக்கொண்டு நின்றார்கள். இவள் நேராகக் கழிவறைக்குப் போய்த் தாழ் போட்டுக்கொண்டாள். இரண்டு பீரியட் வெளியே வரவில்லை. ஆயாம்மா கெஞ்சிக் கதவைத் திறக்க வைத்தபோது, இடது முன்கையில் பல் பதிந்து ரத்தம் கட்டியிருந்தது. தன் கையைத் தானே கடித்திருக்கிறாள்.

அது முதல் முறை இல்லை என்பது அப்போதுதான் எங்களுக்கு உறைத்தது. அதற்கு முன்பும் தடம் பார்த்திருக்கிறேன். கேட்டால், "பெஞ்சுல இடிச்சுக்கினேன்" என்பாள். ஊரில் இருக்கிற எல்லாவற்றையும் சந்தேகப்படுகிற நான் அதை மட்டும் நம்பியிருக்கிறேன். பல் வரிசை அப்படியே தெரிகிற தடத்தை பெஞ்சு என்று நம்பியவள் நான். அதை நினைத்தால் இன்றும் என் மேல் எனக்கு ஆத்திரம் வருகிறது.

பள்ளிக்கூடத்தில் கவுன்சிலர் மேடம் ஒருவர் வாரத்தில் இரண்டு நாள் வருவார். சின்னப் பெண். எங்களை உட்கார வைத்து, "தினமும் அரை மணி நேரம் மூணு பேரும் சேர்ந்து விளையாடுங்க" என்றார். மருந்து இல்லை, மாத்திரை இல்லை, விளையாட வேண்டுமாம். என் கையில் ஒரு தாளைக் கொடுத்தார். அதில் ஒரு குடும்பம் வட்டமாக உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருந்தது. அப்பா வீட்டுக்குள்ளேயே ஷூ போட்டிருந்தார். ஷூ போட்டுக்கொண்டு சம்மணம் போடுகிற மனிதரை வைத்து எனக்கு யாரும் புத்தி சொல்ல வேண்டாம் என்று நினைத்துக்கொண்டேன்.

கிளம்பும்போது மேடம் இன்னொன்றும் சொன்னார். "அவ தோக்கறது மட்டும் இல்லைங்க. நீங்க தோக்கும்போது எப்படி இருக்கீங்கன்னு அவ பார்க்கணும். அதுதான் முக்கியம்."

அருள் பெரிதாகத் தலையாட்டினார். தோற்பதில் தன்னை மிஞ்ச ஆள் இல்லை என்று அவருக்கு ஒரு தைரியம்.

இட்லி வேகும் நேரம்

கடை மூடி அருள் வீடு வருவதற்குள் ஜெசி தூங்கிவிடுவாள். அதனால் காலையில் இட்லி வேகிற நேரத்தை விளையாட்டுக்கு ஒதுக்கினோம். புடவைப் பெட்டியின் அட்டை மூடியில் அருள் ஸ்கெட்ச் பேனாவால் கட்டம் போட்டார். கோயில் பக்கத்துக் கடையில் பித்தளைத் தாயக்கட்டை ஒரு ஜோடி வாங்கி வந்தார். அவருக்குச் சட்டைப் பொத்தான் நான்கு, எனக்குப் புளியங்கொட்டை நான்கு, ஜெசிக்கு உடைந்த வளையல் துண்டு நான்கு.

கீழ் வீட்டு ஓனரம்மா சத்தம் கேட்டு மாடியேறி வந்தார். "காலங்காத்தால தாயம் உருட்டுனா குடும்பத்துல சண்டைதாம்மா வரும்" என்று சொல்லிவிட்டு, ஓர் ஆட்டம் முடியும் வரை நின்று பார்த்துவிட்டுத்தான் போனார்.

தாயம் தெரியாதவர்களுக்குச் சில விதி சொல்கிறேன். ஒன்று விழுந்தால் அது தாயம், அது விழுந்தால்தான் காய் கட்டத்துக்குள் வரும். எதிராளியின் காய் நிற்கிற கட்டத்தில் நம் காய் போய் இறங்கினால் அது வெட்டு. வெட்டுப்பட்ட காய் வெளியே போய், மறுபடி தாயம் விழுகிறவரை காத்திருக்க வேண்டும். ஒரு காயையாவது வெட்டியவர்தான் உள்சுற்றுக்குள் போகலாம். உள்சுற்றைத் தாண்டி நடுக்கட்டத்தை அடைந்த காய்தான் பழம்; வெட்டாதவருக்கு அது கடைசிவரை கிடையாது.

முதல் நான்கு நாளும் ஜெசிதான் ஜெயித்தாள். அருள் ஜெயிக்க விட்டார். ஐந்தாம் நாள் நான் யோசிக்காமல் அவள் காயை வெட்டிவிட்டேன். குனிந்து கையைக் கடித்துக்கொண்டாள். விடுவிக்கப் போன அருளின் விரலிலும் கடி விழுந்தது. அன்று இட்லியை யாரும் சாப்பிடவில்லை. அதன்பிறகு அருள் இன்னும் கவனமாகத் தோற்க ஆரம்பித்தார். வெட்ட வேண்டிய இடத்தில் வேறு காயை நகர்த்துவார். "அடடா, பார்க்காம வுட்டுட்டேனே" என்று நெற்றியில் தட்டிக்கொண்டு அந்தக் கடைச் சிரிப்பைச் சிரிப்பார்.

மூன்றாம் வாரத்தில்தான் ஜெசி தோற்க ஆரம்பித்தாள். தோற்றும் சிரித்தாள். தினமும் குளிக்க வைக்கும்போது கையைப் பார்ப்பேன். பழைய தடம் மஞ்சளாகி மறைந்துகொண்டு வந்தது. புதிதாக எதுவும் இல்லை.

என் அப்பாவிடம் படித்தது

பாம்பின் கால் பாம்பறியும். தாயத்தில் நான் பெரிய திருடி.

என் அப்பா மாகறல் பக்கம் அடுத்தவர் நிலத்தில் வேலை செய்தவர். வேலை இல்லாத நாளில் தாயம் ஆடுவார். பிள்ளை என்றெல்லாம் பார்க்க மாட்டார், ஓட ஓட வெட்டுவார். நான் அழுதால், "அழுதுக்கினே உருட்டு" என்பார். இதில் பெரிய தத்துவம் ஒன்றும் இல்லை. அவருக்கு ஜெயிக்கப் பிடிக்கும், அவ்வளவுதான். அவரை ஜெயிக்க முடியாமல், கட்டைக்குப் பதிலாக உருட்டுகிற புளியங்கொட்டையை விரலிடுக்கில் பிடித்து உருட்டித் தாயம் விழ வைக்கக் கற்றுக்கொண்டேன். ஒருநாள் பிடித்துவிட்டார். ஒரு வாரம் என்னோடு ஆடவில்லை. அடித்திருந்தால்கூட அவ்வளவு வலித்திருக்காது.

ஆகவே கட்டத்துக்கு முன்னால் யார் என்ன செய்தாலும் எனக்குத் தெரியும். அடுப்பைப் பார்த்துக்கொண்டிருந்ததால்தான் தெரியாமல் போயிற்று.

மூன்றாவது முறை ஜெயித்ததற்கு மறுநாள் காலையில் இட்லி ஊற்றவில்லை. முந்தின நாள் மாவு புளித்துவிட்டது என்று பொய் சொல்லி, ரொட்டி வாங்கி வந்து வைத்துவிட்டு ஆட்டத்தில் முழுதாக உட்கார்ந்தேன்.

அருளின் பொத்தான், ஜெசியின் வளையல் துண்டுக்கு மூன்று கட்டம் முன்னால் நின்றது. ஜெசிக்கு மூன்று விழுந்தது. கை அந்தத் துண்டுக்குப் போனது, நின்றது, வேறு துண்டை எடுத்து நகர்த்தியது. "அடடா, பார்க்கல" என்றாள். நெற்றியில் தட்டிக்கொண்டாள். சிரித்தாள்.

அருளின் சிரிப்பு. அச்சு அசல் அதே சிரிப்பு. எனக்கு உடம்பு கூசியது.

அந்த ஆட்டத்தில் நான்கு முறை வெட்டாமல் விட்டாள். அருளும் மூன்று முறை விட்டார். ஒருவருக்கொருவர் தோற்பதற்கு அப்பாவும் மகளும் போட்டி போட்டுக்கொண்டிருந்தார்கள். நடுவில் நான் வெற்றி வீராங்கனை.

டூரிஸ்ட் பஸ்ஸுக்குப் பின்னால்

அன்றே பையைக் கொட்டினேன். கணக்கு டெஸ்ட் தாள் நான்காக மடித்து டிபன் பைக்கு அடியில் இருந்தது. பத்து கேள்வி, எல்லாம் எட்டாம் வாய்ப்பாடு. பெயர் மட்டும் அழகாக எழுதியிருந்தாள். மற்றபடி தாள் வெள்ளையாக இருந்தது. எட்டாம் வாய்ப்பாட்டை இவள் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வாள்.

முகத்துக்கு நேராகக் கேட்டால் பிள்ளைகள் வாய் திறக்காது. மறுநாள் ஸ்கூட்டியில் பள்ளிக்கு அழைத்துப்போகும்போது, சன்னதித் தெருவில் ஒரு டூரிஸ்ட் பஸ் திரும்ப முடியாமல் குறுக்கே நின்றது. நான் முன்னால் பார்த்துக்கொண்டே கேட்டேன்.

"ஜெசி, கணக்கு டெஸ்ட்ல ஏன் ஒண்ணுமே எழுதல?"

பின்னால் அவள் பையின் ஜிப்பை இழுத்து இழுத்து மூடினாள்.

"தெரியாதா?"

"தெரியும்."

"அப்புறம் இன்னா?"

"எழுதி ஒண்ணு தப்பாய்டுச்சுன்னா அழுகை வரும்மா. எழுதாம வுட்டா வராது."

பஸ் ஓட்டுநர் ஹாரன் அடித்துக்கொண்டே இருந்தார். நான் அதே குரலில் கேட்க முயன்றேன். "தாயத்துலயும் அப்படித்தானா?"

"ஆமா."

"யாரு சொல்லிக் குடுத்தா?"

"யாரும் இல்ல. அப்பா அப்படித்தான ஆடுறாரு. வெட்டாம வுட்டுட்டு சிரிக்கிறாரு. நானும் வுட்டுப் பார்த்தேன். நெஜமாவே வலிக்கலமா." என் இடுப்பை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். "கையக்கூட கடிக்கல, பாரு."

கையை என் வயிற்றுக்கு முன்னால் நீட்டிக் காட்டினாள். சுத்தமாக இருந்தது. அந்தக் கையைப் பார்த்து நான் சந்தோஷப்பட வேண்டுமா, பயப்பட வேண்டுமா என்று தெரியவில்லை. பயம்தான் வந்தது. இந்தப் பிள்ளை இனி ஒன்றையும் முயற்சி செய்யாமலே வளர்ந்துவிடும் என்று பயந்தேன்.

நாங்கள் இருவரும்

அருளிடம் சொன்னபோது அவர் முதலில் நம்பவில்லை. பிறகு அந்த வெள்ளைத் தாளை வாங்கி இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தார். "எனக்கு வேற மாதிரி தோக்கத் தெரியாது எஸ்தரு" என்றார். பாவமாக இருந்தது.

ஆனால் பழியை முழுதாக அவர் தலையில் கட்ட எனக்கு யோக்கியதை இல்லை. போன மாதம்தான் நான் சரி என்று முத்திரை போட்டு அனுப்பிய முகூர்த்தப் புடவை ஒன்று, முந்தானையில் இழை விட்டிருக்கிறது என்று திரும்பி வந்தது. முதலாளி எல்லோர் முன்னாலும் கேட்டார். கடையிலேயே கண் கலங்கியது. வீட்டுக்கு வந்து, "இன்னாமா ஆச்சு?" என்று கேட்ட ஜெசியிடம், "தலைவலி" என்று சொல்லிவிட்டுப் படுத்துக்கொண்டேன். அப்பா சிரித்தே தோற்பார், அம்மாவுக்குத் தலை வலிக்கும். ஒரு மனுஷி நிஜமாகத் தோற்று, நிஜமாக அழுது, மறுநாள் வேலைக்குப் போவதை இந்தப் பிள்ளை எங்கே பார்த்திருக்கிறது?

அவளிடம் அந்தப் புடவைக் கதையைச் சொன்னேன். அழுததையும் சொன்னேன். "அப்புறம்?" என்றாள். மறுநாள் போய் அதே மேசையில் உட்கார்ந்ததைச் சொன்னேன். நம்பினாளா என்று தெரியவில்லை. என் மகள் அல்லவா.

ஞாயிற்றுக்கிழமை ஆட்டம்

அந்த ஞாயிறு சர்ச் முடிந்து வந்து, மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு கட்டத்தை விரித்தோம். முதலிலேயே சொல்லிவிட்டேன். "இன்னைக்கு யாரும் வுட்டுக்குடுக்கக் கூடாது. வெட்டுற இடத்துல வெட்டணும். வெட்டலன்னா நான் எழுந்து போய்டுவேன்."

"அப்பாவுமா?" என்றாள் ஜெசி.

"அப்பாதான் முக்கியமா."

அருள் ஆடுவதைப் பார்க்க வேண்டுமே. வெட்டுகிற இடம் வந்தால் கை வேறு பொத்தானுக்குப் போய்த் திரும்பியது. இருந்தாலும் என் புளியங்கொட்டையை வெட்டினார், அதுவும் பழமாகப் போகிற நேரத்தில். எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. நடிப்பு இல்லை, நிஜக் கோபம். "இவ்ளோ காய் இருக்கும்போது என் காய்தான் கெடச்சுதா?" என்று கத்திவிட்டேன். ஜெசி என்னையே பார்த்தாள். நான் முகத்தை மறைத்துக்கொள்ளவில்லை. கண்ணைத் துடைத்துக்கொண்டு கட்டையை எடுத்து உருட்டினேன். வெட்டுப்பட்ட காய் மறுபடி உள்ளே வரவே நான்கு சுற்று ஆயிற்று.

ஜெசி அன்று வெட்டினாள். அப்பாவின் பொத்தானை வெட்டி உள்சுற்றுக்குள் நுழைந்தாள். ஒரு துண்டு பழத்துக்கு இரண்டே கட்டம் பாக்கி. முகமெல்லாம் சிவந்து, மூச்சை அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

எனக்கு ஐந்து விழுந்தது.

எண்ணிப் பார்க்காமலே தெரிந்தது. வேறு காயை நகர்த்தலாம். "அடடா" என்று நெற்றியில் தட்டிக்கொள்ளலாம். ஒரு நொடியில் எவ்வளவோ நினைத்தேன். மறைந்துபோன தடம் மறுபடி வந்துவிட்டால் அது என் கையால் வந்ததாகும் என்று நினைத்தேன். பிறகு ஐந்து கட்டம் எண்ணி அவள் துண்டை வெட்டினேன்.

ஜெசியின் கை வாய்க்குப் போனது. அருள் எழுந்தார். நான் அவர் சட்டையைப் பிடித்து உட்கார வைத்தேன். பல் தோலைத் தொட்டது.

பிறகு கையை எடுத்துவிட்டு, வீடு அதிர அழுதாள். "நீ கெட்டவ. நீதான் வெட்டச் சொன்ன, நீயே என்ன வெட்டுற." ஓனரம்மா கீழேயிருந்து, "நான் அப்பவே சொன்னேன்ல" என்று குரல் கொடுத்தார். அந்த வளையல் துண்டை எடுத்து இருந்த இடத்திலேயே வைத்துவிட வேண்டும் போல இருந்தது. வைக்கவில்லை. அவள் முதுகில் கையை மட்டும் வைத்தேன். தட்டிவிட்டாள். மறுபடி வைத்தேன். இந்த முறை விட்டுவிட்டாள்.

எவ்வளவு நேரம் அழுதாள் என்று தெரியாது. வெட்டுப்பட்ட துண்டு கட்டத்துக்கு வெளியே கிடந்தது. அழுகை விக்கலாக மாறியபோது, பாவாடையில் மூக்கைத் துடைத்துக்கொண்டு கட்டையை எடுத்தாள். இரண்டு உள்ளங்கையிலும் வைத்துத் தேய்த்தாள். உருட்டினாள்.

அந்தத் துண்டு மறுபடி உள்ளே வர அவளுக்குத் தேவை ஒன்று. மூன்று விழுந்தது.

உதடு பிதுங்கியது. கொஞ்ச நேரம் அந்த மூன்றையே பார்த்தாள். பிறகு கட்டையை அருள் பக்கம் தள்ளினாள்.

"உன் ஆட்டம்பா. சிரிக்காம ஆடு."